ஷேக்ஸ்பியர் பேசியது அமெரிக்க ஆங்கிலமா?

"ஷேக்ஸ்பியர் காலத்து இங்கிலாந்துக்காரர்கள் இன்றைய அமெரிக்கர்களைப் போலத்தான் பேசினார்களாம். அமெரிக்கா பிரிந்துபோன பிறகு பிரிட்டிஷ்காரர்கள்தான் பகட்டுக்காக உச்சரிப்பை மாற்றிக்கொண்டார்களாம். ஒரு காணொளியில் பார்த்தேன், உண்மையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். இதில் மூன்று கேள்விகள் ஒன்றாகப் பின்னிக் கிடக்கின்றன. 'கார்', 'ஹார்ட்' போன்ற சொற்களில் ரகர ஒலியை விட்டது யார் என்பது முதலாவது. அந்த மாற்றம் வேண்டுமென்றே செய்யப்பட்டதா என்பது இரண்டாவது. மொத்தத்தில் எந்த ஆங்கிலம் பழையது என்பது மூன்றாவது. முதல் கேள்விக்கு, தென் இங்கிலாந்துதான் விட்டது என்று தயங்காமல் சொல்லலாம். இரண்டாவதற்குப் பாதி ஆம், பாதி இல்லை. மூன்றாவது, கேட்ட விதத்திலேயே பிழையான கேள்வி. ஒலியியல் படித்து, அதைப் பாடமாகச் சொல்லிக்கொடுக்கிறவன் என்ற முறையில் ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

ரகரத்திலிருந்து தொடங்குவோம். இன்று லண்டனில் படித்தவர்கள் 'கார்' என்பதைக் 'கா' என்றும் 'கார்ட்' என்பதைக் 'காட்' என்றும் சொல்வார்கள். உயிரொலிக்குப் பின்னால், சொல்லின் இறுதியிலோ மெய்யெழுத்துக்கு முன்னாலோ வரும் ரகரம்தான் விழும். 'ரெட்', 'வெரி' போன்றவற்றில் உயிருக்கு முன்னால் நிற்கும் ரகரத்துக்கு ஒன்றும் ஆகாது. ஆங்கில எழுத்துக்கூட்டல் பெருமளவு உறைந்துபோன 15 முதல் 17ஆம் நூற்றாண்டு வரையிலான காலத்தில் பொதுவாக எல்லா வட்டாரத்திலும் ரகரம் ஒலித்தது. அதனால்தான் எழுத்தில் இன்றும் நிற்கிறது. ஷேக்ஸ்பியரின் சமகால நாடக ஆசிரியர் பென் ஜான்சன் ஓர் ஆங்கில இலக்கணம் எழுதினார். அவர் இறந்த பிறகு 1640இல் அது அச்சானது. ரகரம் சொல்லின் முதலில் உறுதியாகவும், இடையிலும் கடையிலும் சற்று இளகியும் ஒலிக்கும் என்கிறார் அதில். இளகியது என்கிறாரே தவிர, மறைந்தது என்று சொல்லவில்லை. 1564 முதல் 1616 வரை வாழ்ந்த ஷேக்ஸ்பியர் 'கார்ட்' என்பதில் ரகரத்தை ஒலித்தார் என்பதில் ஆய்வாளர்களிடையே தகராறு இல்லை.

ரகரம் விழுந்தது ஒரே மூச்சில் நடந்ததல்ல. ரகரத்துக்கு நாக்கின் முன்பகுதி எழவேண்டும். அடுத்து சகரம் போன்ற மெய் வந்தால், நாக்கு இரண்டு வேலையை அடுத்தடுத்துச் செய்யவேண்டியிருக்கிறது. அங்கேதான் முதலில் நழுவியது. வெடிப்பதைக் குறிக்கும் 'பர்ஸ்ட்' என்பதிலிருந்து 'பஸ்ட்', சபிப்பதைக் குறிக்கும் 'கர்ஸ்' என்பதிலிருந்து 'கஸ்' என்ற வடிவங்கள் இப்படிப் பிறந்தவை. இந்தப் பழைய நழுவல் கப்பலேறி அமெரிக்காவுக்கும் போனது. எல்லா ரகரத்தையும் ஒலிக்கும் அமெரிக்கர் வாயிலும் 'பஸ்ட்', 'கஸ்' இன்றும் புழங்குகின்றன. மற்ற இடங்களில் ரகரம் தளர்ந்ததற்குத் தெளிவான சாட்சி ஜான் வாக்கர் 1791இல் வெளியிட்ட உச்சரிப்பு அகராதி. லண்டனில் 'கார்ட்', 'பார்ட்', 'லார்ட்' ஆகியவற்றின் ரகரம் தொண்டைக்குள்ளேயே அடங்கி, முன்னால் நிற்கும் ஆகாரத்தின் நீட்சி அளவுக்குத் தேய்ந்துவிட்டது என்கிறார் அவர். ஆக, 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் தலைநகரில் மாற்றம் நன்றாக வேர்விட்டுவிட்டது. அமெரிக்கா விடுதலை அறிவித்தது 1776இல் என்பதை இதோடு பொருத்திப் பாருங்கள். பிரிவுக்கு முன்பே தொடங்கி, பிரிவுக்குப் பின் நிறைவேறிய மாற்றம் இது.

விழுந்த ரகரம் முழுதாகப் போய்விடவும் இல்லை. அடுத்த சொல் உயிரில் தொடங்கினால் லண்டன்காரர் வாயில் அது திரும்பி வரும். 'கா' என்று நிறுத்துகிறவர் 'கார் இஸ்' என்று சேர்த்துச் சொல்வார். இதைவிட நுட்பமான ஒன்று உண்டு. எழுத்திலேயே ரகரம் இல்லாத இடத்திலும் அவர்கள் ரகரத்தை நுழைப்பார்கள். 'லா அண்ட் ஆர்டர்' என்பது 'லார் அண்ட் ஆட' ஆகிவிடும். 'இந்தியா ஆபீஸ்' என்பது 'இந்தியார் ஆபீஸ்' ஆகிவிடும். இரண்டு உயிர்கள் மோதும் இடத்தில் நம் இலக்கணத்தில் உடம்படுமெய் யகரமும் வகரமும் செய்கிற வேலையை அங்கே ரகரம் செய்கிறது. ரகரத்தை விட்ட வட்டாரங்களில்தான் இந்த நுழைவு பெரும்பாலும் கேட்கும். ஸ்காட்லாந்துக்காரரிடம் கேட்காது, ஏனென்றால் அவருக்கு ரகரம் உள்ள சொல்லும் இல்லாத சொல்லும் இன்னும் வேறுவேறாகவே இருக்கின்றன.

இனி, பகட்டுக்காக மாற்றிக்கொண்டார்கள் என்ற பகுதி. யாரும் கூடி முடிவெடுத்து ஒரு மொழியின் ஒலியை மாற்றுவதில்லை. ரகரத் தேய்வு லண்டன் பேச்சில் தானாக நடந்தது. வாக்கரும் அதைப் புது நாகரிகம் என்று பாராட்டி எழுதவில்லை, கேட்டதைப் பதிவு செய்தார். ஆனால் நடந்துவிட்ட மாற்றத்துக்கு மதிப்பு ஏறியதும், அது பரவியதும் சமூகத்தின் வேலைதான். 19ஆம் நூற்றாண்டில் மேல்தட்டுக் குடும்பத்துப் பிள்ளைகள் எந்த ஊரிலிருந்து வந்தாலும் விடுதிப் பள்ளிகளில் ஒரே மாதிரி பேசப் பழகினார்கள். டேனியல் ஜோன்ஸ் 1917இல் வெளியிட்ட உச்சரிப்பு அகராதியில் அந்தப் பேச்சுக்கு அந்தப் பள்ளிகளின் பெயரையே வைத்தார். 1926 பதிப்பில்தான் 'ரிசீவ்டு ப்ரொனன்சியேஷன்' என்ற பெயருக்கு மாறினார். 1922இல் தொடங்கிய பிபிசி வானொலி அதை வீடுவீடாகக் கொண்டு சேர்த்தது. ஆகவே பிறப்பில் பகட்டு இல்லை, வளர்ப்பில் உண்டு.

'பிரிட்டிஷ்காரர்கள் மாற்றிக்கொண்டார்கள்' என்ற வாக்கியத்தில் எழுவாயே தவறு. ஸ்காட்லாந்து ரகரத்தை விடவில்லை, அயர்லாந்தும் விடவில்லை. இங்கிலாந்துக்குள்ளேயே எல்லாரும் விடவில்லை. லீட்ஸ் பல்கலைக்கழகத்தின் ஹரால்ட் ஆர்ட்டன் தலைமையில் 1950 முதல் 1961 வரை நடந்த வட்டார வழக்குக் கணக்கெடுப்பில், 313 இடங்களில் பெரும்பாலும் வயதான கிராமத்து ஆட்களை உட்காரவைத்து விரிவான கேள்விப் பட்டியலைக் கேட்டுப் பதில்களை ஒலிக்குறியீட்டில் எழுதினார்கள். தென்மேற்கு மாவட்டங்களிலும், லங்காஷயரின் ஒரு பகுதியிலும், வடகோடி நார்தம்பர்லாந்திலும் ரகரம் உயிரோடு இருந்தது. நார்தம்பர்லாந்தில் நாக்கு நுனியால் அல்லாமல் உள்நாக்கருகே உரசி எழும் ரகரம் அது.

இதைவிடக் கெட்டியான சான்று எதிர்பாராத இடத்திலிருந்து வருகிறது. நியூசிலாந்து வானொலி 1946 முதல் 1948 வரை ஒலிப்பதிவு வண்டியோடு ஊர் ஊராகப் போய் முதியவர்களின் நினைவுகளைப் பதிவு செய்தது. அவர்களில் சிலர் 1850களிலேயே பிறந்தவர்கள், குடியேறியவர்களின் பிள்ளைகள். கிறைஸ்ட்சர்ச் நகரத்துக் கேன்டர்பரி பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பின்னாளில் அந்த ஒலிப்பதிவுகளை நுணுக்கமாகக் கேட்டபோது, பெரும்பாலானோர் பேச்சில் ஏதோ ஓர் அளவுக்கு ரகரம் இருந்தது. இன்றைய நியூசிலாந்தில் ஸ்காட்லாந்துக்காரர்கள் நிறையக் குடியேறிய தென்கோடியான சவுத்லேண்டை விட்டால் ரகரம் மிகக் குறைவு. அப்படியானால், 19ஆம் நூற்றாண்டின் நடுவில் கப்பலேறிய சாதாரண இங்கிலாந்துக்காரர்களிடமும் ரகரம் பரவலாக இருந்திருக்கவேண்டும். அகராதிகள் லண்டன் படித்தவர்களின் பேச்சைக் காட்டின. இந்த ஒலிப்பதிவுகள் மற்றவர்களின் பேச்சைக் காட்டுகின்றன. காணொளிகள் விட்டுவிடுகிற பகுதி இது, எனக்கு மிகவும் பிடித்ததும் இதுவே.

அமெரிக்காவின் பக்கமும் கதை நேர்கோட்டில் போகவில்லை. 1607இல் ஜேம்ஸ்டவுனிலும் 1620இல் பிளிமத்திலும் இறங்கியவர்கள் ரகரத்தோடு இறங்கினார்கள். பிறகு பாஸ்டன், நியூயார்க், வர்ஜீனியா கடலோரம், சார்ல்ஸ்டன், சவானா ஆகிய துறைமுகப் பகுதிகள் ரகரத்தைக் கைவிட்டன. லண்டனோடு இருந்த வணிகத் தொடர்பும், கிழக்கு இங்கிலாந்திலிருந்து வந்த குடியேறிகளின் பேச்சும் காரணம் என்கிறார்கள். இரண்டில் எதற்கு எவ்வளவு பங்கு என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. பிலடெல்பியா மட்டும் கைவிடவில்லை. 18ஆம் நூற்றாண்டில் வட அயர்லாந்தின் அல்ஸ்டரிலிருந்து பெருங்கூட்டமாக வந்தவர்கள் அங்கே இறங்கி, அப்பலாச்சிய மலைகள் வழியாக மேற்கும் தெற்கும் பரவினார்கள். அவர்கள் பேச்சில் ரகரம் அழுத்தமாக இருந்தது. உள்நாட்டு அமெரிக்கா ரகரத்தோடு நின்றதற்கு அதுவும் ஒரு காரணம். 1933இல் அதிபராகப் பதவியேற்ற பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் உரை ஒலிப்பதிவாகக் கிடைக்கிறது. மெய்க்கு முன்னும் சொல் கடையிலும் வரும் ரகரத்தை அவர் பொதுவாக ஒலிப்பதில்லை. அன்றைய அமெரிக்காவில் அதுதான் உயர்குடிப் பேச்சு.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் அந்த மதிப்பு தலைகீழானது. அது எப்படி என்று மொழியியலாளர் வில்லியம் லபோவ் 1962இல் நியூயார்க்கில் செய்த ஆய்வு மிக எளிய முறையில் காட்டியது. விலை உயர்ந்த சாக்ஸ், நடுத்தரமான மேசிஸ், மலிவான எஸ். கிளைன் ஆகிய மூன்று கடைகளுக்குப் போனார். நான்காவது மாடியில் உள்ள ஒரு பொருளைப் பற்றி ஊழியரிடம் "அது எங்கே இருக்கிறது?" என்று கேட்பார். "ஃபோர்த் ஃப்ளோர்" என்று பதில் வரும். காது கேளாதவர்போல "என்ன சொன்னீர்கள்?" என்பார். இரண்டாம் முறை அழுத்தமாகப் பதில் வரும். ஆக ஓர் ஆளிடமிருந்து நான்கு ரகர வாய்ப்புகள்: மெய்க்கு முன் இரண்டு, சொல் கடையில் இரண்டு. ஒதுங்கிப்போய்ச் சட்டென்று குறித்துக்கொள்வார். ஆய்வு நடக்கிறது என்றே ஊழியருக்குத் தெரியாததால் பேச்சு இயல்பாக இருந்தது. 264 பேரிடம் கேட்டதில், ரகரத்தை முழுதாகவோ ஓரளவோ ஒலித்தவர்கள் சாக்ஸில் 62 விழுக்காடு, மேசிஸில் 51, கிளைனில் 20. திருப்பிக் கேட்டதும் ரகரம் கூடியது, அதிலும் நடுத்தரக் கடையான மேசிஸில் நன்றாகவே கூடியது. எது உயர்ந்த பேச்சு என்று தெரிந்து, கவனித்துப் பேசும்போது அதை எட்டிப் பிடிக்கிறார்கள் என்று பொருள். இங்கிலாந்தில் மதிப்பு ரகரமில்லாத பேச்சைப் பரப்பியது, நியூயார்க்கில் அதே மதிப்பு ரகரத்தைத் திரும்பக் கொண்டுவந்தது. அந்த ஒலியில் பிறவியிலேயே பகட்டும் இல்லை, பட்டிக்காடும் இல்லை.

மற்ற ஒலிகளுக்கு வருவோம். அமெரிக்கா பழையதை வைத்திருக்கும் இடங்கள் ரகரத்தோடு முடிவதில்லை. குளியலைக் குறிக்கும் சொல்லை லண்டன்காரர் 'பாத்' என்று நீட்டுவார். அமெரிக்கர், நாம் 'பேங்க்' என்பதில் சொல்லும் உயிரைப் போன்ற ஒன்றால் சொல்வார். நீட்டாததுதான் பழையது, வட இங்கிலாந்தும் நீட்டாமல்தான் சொல்கிறது. 1791இல் வாக்கர், 'ஆஃப்டர்', 'பாஸ்கெட்' போன்ற சொற்களில் இப்படி நீட்டுவது கொச்சைக்கு மிக அருகில் போகிறது என்று கண்டித்தார். இன்று அதே நீட்டல் அரச குடும்பத்துப் பேச்சின் அடையாளம். 'செக்ரெட்டெரி' என்று நான்கு அசையையும் அமெரிக்கர் ஒலிப்பது பழையது, 'செக்ரட்ரி' என்று விழுங்குவது புதியது. மூலிகையைக் குறிக்கும் சொல்லில் ஹகரம் இல்லாமல் 'அர்ப்' என்பது பழையது. எழுத்தைப் பார்த்து 'ஹர்ப்' என்று ஆக்கியது 19ஆம் நூற்றாண்டு இங்கிலாந்து. இலையுதிர் காலத்துக்கு 'ஃபால்' என்பதும், 'கெட்' வினைக்கு 'காட்டன்' என்ற வடிவமும் இங்கிலாந்தில் புழங்கி வழக்கொழிந்தவை.

அமெரிக்கா மாற்றியவையும் இதே அளவு உண்டு. 'வாட்டர்' என்பதில் இரண்டு உயிர்களுக்கு இடையே நிற்கும் டகரத்தை நாக்கு ஒரு தட்டுத் தட்டி விட்டுவிடுவது ஷேக்ஸ்பியர் காலத்தில் வழக்கமல்ல. 'நியூ', 'டியூன்' என்பவற்றை 'நூ', 'டூன்' ஆக்கியது புதுமை. இங்கே இங்கிலாந்தும் சும்மா இல்லை, பலர் 'டியூன்' என்பதைச் 'சூன்' ஆக்கிவிட்டார்கள். 'மேரி', 'மெரி' என்று இங்கிலாந்தில் பிரிந்து ஒலிக்கும் சொற்கள் அமெரிக்கர் பலர் வாயில் ஒன்றாகிவிட்டன. உதடு குவித்துச் சொல்லும் 'ஹொட்' என்பதை 'ஹாட்' ஆக்கியதும் அமெரிக்காதான். ஆனாலும் அதற்கு 17ஆம் நூற்றாண்டு இங்கிலாந்திலேயே ஒரு வேர் உண்டு. அன்றைய நாகரிகப் பேச்சில் கடவுளைக் குறிக்கும் சொல்லை உதடு குவிக்காமல் சொல்லி ஆணையிடுவது வழக்கமாக இருந்தது.

எல்லா அமெரிக்க வடிவமும் பழையது என்று எண்ணிவிடக் கூடாது என்பதற்கு நம் வாயிலேயே ஒரு சான்று இருக்கிறது. நாம் 'கிளார்க்' என்கிறோம். 15ஆம் நூற்றாண்டு வாக்கில் ஆங்கிலத்தில் ரகரத்துக்கு முன் நின்ற எகரம் பல சொற்களில் ஆகாரமானது. 'பெர்சன்' என்ற ஒரே சொல்லிலிருந்து பாதிரியாரைக் குறிக்கும் 'பார்சன்' பிரிந்ததும், 'யுனிவர்சிட்டி'யிலிருந்து 'வார்சிட்டி' வந்ததும் அந்த வழியில்தான். இங்கிலாந்து 'கிளாக்' என்று ஆகாரத்தைக் காப்பாற்றியது. அமெரிக்கா எழுத்தைப் பார்த்து 'கிளர்க்' என்று திரும்பியது. தத்துவவாதி ஜார்ஜ் பார்க்லியின் பெயரை வைத்த கலிபோர்னியா நகரம் 'பெர்க்லி' ஆனதும் இப்படித்தான். 'சார்ஜென்ட்' மட்டும் அமெரிக்காவிலும் தப்பிவிட்டது. தமிழ்க் 'கிளார்க்' பிரிட்டிஷ்காரர் வாயிலிருந்து உயிரையும், எழுத்திலிருந்து ரகரத்தையும் எடுத்துக்கொண்டது. தற்செயலாக அது இன்றைய லண்டன், நியூயார்க் இரண்டையும்விட ஷேக்ஸ்பியர் கால வடிவத்துக்கு நெருக்கமாக நிற்கிறது.

அப்படியானால் அவர் எப்படித்தான் பேசினார்? சான்றுகள் மூன்று வகை. ஒன்று, அக்காலத்து ஒலிநூல்கள். ஜான் ஹார்ட் 1569இல் வெளியிட்ட எழுத்துமுறை நூல், ஒலிக்கு ஒரு குறி என்று புதிய எழுத்தையே வகுத்து அன்றைய பேச்சைப் பதிவு செய்தது. இரண்டாவது, எதுகையும் சிலேடையும். நான்காம் ஹென்றி முதல் பாகத்தில் ஃபால்ஸ்டாஃப், 'ரீசன்' கறுப்புப் பெர்ரிப் பழங்களைப்போல மலிந்து கிடந்தாலும் கட்டாயத்துக்காகத் தரமாட்டேன் என்கிறான். காரணத்துக்கும் பழத்துக்கும் என்ன சம்பந்தம்? அன்று அந்தச் சொல் உலர்திராட்சையைக் குறிக்கும் 'ரெய்சின்' போல ஒலித்ததால் சிரிப்பு வந்தது. மூன்றாவது, அச்சுக்கோப்பவர்களும் கடிதம் எழுதியவர்களும் ஒலியை வைத்து எழுதிவிட்ட பிழைகள். இவற்றைக்கொண்டு மொழியியலாளர் டேவிட் கிரிஸ்டல் அமைத்த உச்சரிப்பில் 2004இல் லண்டன் குளோப் அரங்கில் ரோமியோ ஜூலியட் நடந்தது. அந்த உச்சரிப்பைக் கேட்பவர்கள் அயர்லாந்து, தென்மேற்கு இங்கிலாந்து, அமெரிக்கா என்று தங்களுக்குத் தெரிந்த ஏதோ ஒன்றை அதில் அடையாளம் காண்கிறார்கள். அந்த இடங்கள் ஒவ்வொன்றும் ஒரு துண்டை வைத்திருக்கின்றன என்பதே காரணம்.

எங்கே நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பதையும் சொல்லியாகவேண்டும். எந்தச் சொல்லோடு எந்தச் சொல் ஒத்து ஒலித்தது, எவை பிரிந்து ஒலித்தன என்பதைச் சான்றுகள் நன்றாகக் காட்டும். நாக்கு எவ்வளவு உயரத்தில் நின்றது என்பதைத் தோராயமாகவே காட்டும். பேச்சின் ஏற்ற இறக்கத்தையும் வேகத்தையும் பற்றி அவை ஏறக்குறைய ஒன்றும் சொல்வதில்லை. எடிசனின் ஒலிப்பதிவுக் கருவி 1877இல்தான் வந்தது. ஓர் எதுகையை மட்டும் நம்பவும் கூடாது. 'லவ்', 'ப்ரூவ்' என்பவை ஷேக்ஸ்பியருக்கு ஒத்து ஒலித்திருக்கலாம். அவை ஒத்து ஒலிக்காத காலத்திலும் கவிஞர்கள் மரபாக அவற்றை இணைத்திருக்கிறார்கள். ஒரே ஒலிப்பை ஒலிநூலும் சிலேடையும் எதுகையும் சேர்ந்து காட்டினால் உறுதி என்று கொள்ளலாம். ஒன்று மட்டும் காட்டினால் 'இருக்கலாம்' என்பதோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

அப்பலாச்சிய மலையிலோ செசபீக் விரிகுடாவின் டாஞ்சியர் தீவிலோ மக்கள் இன்னும் ஷேக்ஸ்பியர் ஆங்கிலம் பேசுகிறார்கள் என்ற செய்தியையும் பார்த்திருப்பீர்கள். ஒதுங்கி வாழ்ந்தவர்களிடம் சில பழஞ்சொற்கள் தங்கும், அதே நேரம் வேறெங்கும் இல்லாத புதுமைகளும் வளரும். குடியேறிய நாட்டில் மொழி உறைந்து நிற்கும் என்ற கருத்துக்கு மொழியியலாளர் ஆல்பர்ட் மார்க்வர்ட் 1958இல் பெயர் சூட்டினார். அதைப் பொதுவிதியாகப் பின்னாள் ஆய்வாளர்கள் ஏற்கவில்லை. குடியேறிய காலம் ஒரு காரணம்தான். 1627இல் ஆங்கிலேயர் குடியேறிய பார்படோஸ் இன்றும் ரகரத்தோடு பேசுகிறது. 1788இல் தொடங்கிய ஆஸ்திரேலியா பேசுவதில்லை. யார் வந்தார்கள், எந்த வட்டாரத்திலிருந்து வந்தார்கள், பிறகு யாரோடு உறவாடினார்கள் என்பவையும் சேர்ந்தே முடிவு செய்கின்றன.

கடைசியாக, இந்தியர்கள் ரகரத்தை ஒலிக்கிறோமே, அதுவும் பழைய ஆங்கிலத்தின் எச்சமா என்று ஒரு துணைக்கேள்வி வைத்திருந்தீர்கள். இங்கே பள்ளி நடத்திய ஸ்காட்லாந்து, அயர்லாந்துப் பாதிரிமார்களிடமிருந்து வந்தது என்று சிலர் சொல்வதுண்டு. ஸ்காட்லாந்துத் திருச்சபையினர் சென்னையிலும் பள்ளி நடத்தினார்கள் என்பது உண்மை. ஆனால் அந்த விளக்கம் தேவைப்படாத அளவுக்கு எளிய காரணங்கள் இரண்டு இருக்கின்றன. பெரும்பாலானோர் ஆங்கிலத்தைக் காதால் கற்பதற்கு முன் புத்தகத்தில் எழுத்தைப் பார்த்துக் கற்றார்கள், எழுத்தில் ரகரம் நிற்கிறது. சொல்லின் கடையிலும் மெய்க்கு முன்னும் ரகரத்தை ஒலிப்பது நம் மொழிகளுக்கு இயல்பு. 'ஊர்', 'பார்த்தான்' என்று சொல்லும் நாக்குக்கு அங்கே ரகரத்தை விழுங்கத்தான் பயிற்சி வேண்டும்.